கீழ் விளிம்பு

மூன்று வருடம். பகலுக்கு இரண்டு படம்.
பாறையில் திருகி வைத்த பெட்டிக்குள்
கேமரா தானாகக் கண் திறந்து மூடியது.
நிக்கோரா என்ற பசு
ஒருமுறை கண்ணாடியை நக்கிவிட்டுப் போனதில்
ஒன்பது நாள் மலை முழுக்க எச்சில்.

ரெவாஸ் எல்லாவற்றையும் பதினோரு விநாடியாக்கினான்.
மேசைவிரிப்பை யாரோ மறுமுனையிலிருந்து இழுப்பதுபோல்
பனியாறு மலைமேல் ஏறிப் போனது.
இதுதான் படம், என்றான். மற்றதெல்லாம் இதற்குக் காத்திருப்பது.

நான் ஒலிப்பதிவுக்காரன்.
எனக்கு அங்கே வேலையில்லை என்பது
முதல் வாரமே தெரிந்துவிட்டது.
இடிந்து விழுகிற பனியெல்லாம் கடலோரத்தில்.
ஸ்வானேத்தியின் இந்தப் பனி
விருந்தின் நடுவே எழுந்து
கதவைக்கூடச் சாத்தாமல் போகிற ஆள்.
அடியில் மைக்கைச் செருகிப் பார்த்தேன்.
சொட்டு. வெகுநேரம் ஒன்றுமில்லை. இரண்டு சொட்டு.
கூழாங்கல் ஒன்று இடம் மாறி உட்கார்ந்தது.

சியாலாவின் சமையலறையில்தான் பேட்டரிகளுக்கு மின்சாரம்,
உருளைக்கிழங்கு மூட்டைக்கும் அடுப்புக்கும் நடுவே
ஒரே பிளக்.
அவளையும் படத்தில் வைக்க ரெவாஸுக்கு ஆசை.
பனியைப் பார்த்தபடி நடங்கள், என்றான்.
இன்னொரு தடவை, மெதுவாக.
முகத்தில் கொஞ்சம் இழப்பு வேண்டும்.
"செவ்வாய்க்கிழமை அழுதேன்," என்றாள்.
"நீங்கள் பேட்டரி மாற்றிக்கொண்டிருந்தீர்கள்."

கடைசி இரவு அவளுக்கு அந்தப் பதினோரு விநாடியைக் காட்டினோம்.
மாவுக் கையைத் துடைக்காமல் நின்று பார்த்தாள்.
நிறுத்து, என்றாள்.
பனியாறு இருந்த பக்கம் அவள் விரல் போகவில்லை.
இடது மூலை, கீழ் விளிம்பு,
நகத்தளவு தகரம்.
அவள் கூரை.
ஆயிரம் தடவை ஓட்டிய நாங்கள் பார்த்திராத கூரை,
அதன்மேல் நூல் மாதிரி புகை.
ஓட்டு. இன்னும் கொஞ்சம். பின்னால் போ.
ஐந்தாவது விநாடியில் புகை இல்லை.
பிறகு மறுபடி புகை.

"பீமுர்சாவை குத்தாயிசி ஆஸ்பத்திரியில் வைத்திருந்தேன்.
நாற்பத்தாறு நாள் வீடு பூட்டிக் கிடந்தது.
திரும்பி வந்தது நான் மட்டும்."

கணக்குப் போட்டேன். அரை விநாடிக்கும் குறைவு.
ஏழெட்டு முறை ஓட்டச் சொன்னாள்.
ஒவ்வொரு முறையும் புகை திரும்பி வந்தது.
அடுப்பில் ரொட்டி கருகியது,
யாரும் எழுந்திருக்கவில்லை.

படத்தொகுப்பில் ரெவாஸ் கீழ் விளிம்பை வெட்டினான்.
கெட்ட எண்ணமில்லை.
கண் அங்கே அலைகிறது, என்றான். உண்மைதான்,
எனக்கு அங்கேதான் அலைந்தது.
அப்புறம் என்னிடம் வந்து சத்தம் கேட்டான்.
உலகமே உடைகிறமாதிரி ஏதாவது இருக்கிறதா?

இருந்தது.
மார்ச் மாதம் ஒரு மதியம்
வேறெதற்கோ பதிவு ஓடிக்கொண்டிருந்தபோது
சியாலாவின் தகரக் கூரையிலிருந்து
ஒரு குளிர்காலம் மொத்தமாகச் சரிந்து
முற்றத்தில் விழுந்தது.
நான்கு மடங்கு மெதுவாக்கினேன்.
கோழிகளின் கூச்சலைக் கவனமாக நீக்கினேன்.
ரெவாஸ் கண்ணை மூடிக் கேட்டான். எந்த மலை?
அதே மலைதான், என்றேன்.

அக்டோபரில் ஊர்ப் பள்ளியில்
படுக்கைவிரிப்பைக் கட்டித் திரையிட்டோம்.
வெளியூர் அரங்குகள் மூச்சைப் பிடித்துக்கொண்ட இடம்
இங்கேயும் வந்தது.
பிள்ளைகள் காதைப் பொத்தினார்கள்.
முன்வரிசைக் கிழவர் சிலுவையிட்டுக்கொண்டார்.
சியாலா மட்டும்
திரையிலிருந்து முகத்தைத் திருப்பி
இருட்டில் வரிசை வரிசையாக யாரையோ தேடினாள்.

நான் குனிந்து
கழன்றே இராத ஒரு கேபிளைச்
சரிசெய்துகொண்டிருந்தேன்.